வன்னிக் கல்லில் டைனோசர் ஏன் இல்லை, வளவுக் கோழியில் ஏன் இருக்கிறது

வவுனியாவில் எங்கள் வளவுக் கிணறு ஒரு கோடையில் அடியோடு வற்றிவிட்டது. ஆழப்படுத்த ஆள் பிடித்தோம். கொஞ்ச ஆழத்திலேயே கருங்கல் முட்டியது. உடைத்த கல்லை வாளி வாளியாக மேலே இழுத்துக் கொட்டினார்கள். பள்ளிக்கூட விடுமுறைக்கு வந்து நின்ற மருமகன் அந்தக் குவியலை விட்டு அசையவில்லை. ஒவ்வொரு கல்லாகத் திருப்பித் திருப்பிப் பார்த்தான்.

"மாமா, இதுக்குள்ள டைனோசர் எலும்பு ஏதும் வருமோ?"

நான் வாய் திறக்குமுன் கிணற்றுக்குள்ளிருந்து அண்ணையின் குரல் வந்தது: "இந்தக் கல்லுக்குள்ள ஒரு எறும்பின்ர எலும்புகூட வராது தம்பி."

எறும்புக்கு எலும்பே கிடையாது. அதை விட்டுவிட்டால், அண்ணை சொன்னது அச்சொட்டாகச் சரி. புவிச்சரிதவியலாளரிடம் கேட்டாலும் இதைத்தான் சொல்வார், கொஞ்சம் நீட்டி.

வன்னியின் பெரும்பகுதிக்கு அடியில் கிடப்பது மிகப் பழைய உருமாறிய பாறை. இலங்கையின் அடிப்பாறைகளை ஆய்வாளர்கள் சில தொகுதிகளாகப் பிரித்து வைத்திருக்கிறார்கள். அவற்றில் ஒன்றுக்கு உலகமெங்கும் 'வன்னித் தொகுதி' என்றே பெயர். பூமிக்கு மிக ஆழத்தில் வெந்து, நசுங்கி, மடிந்து இந்தப் பாறைகள் இன்றைய வடிவத்துக்கு வந்தது ஏறத்தாழ 55 கோடி ஆண்டுகளுக்கு முன். அப்போது தரையில் நடக்க ஒரு விலங்கும் இருக்கவில்லை. முதல் டைனோசர் வருவதற்கு அதன் பிறகும் 30 கோடி ஆண்டுக்கு மேல் கிடந்தது. ஆகவே வவுனியாக் கருங்கல்லுக்குள் டைனோசரைத் தேடுவது, பாட்டியின் கலியாணப் படத்தில் பேரனைத் தேடுவது மாதிரி.

சரி, வடக்குப் பக்கம் போய்த் தேடினால்? யாழ்ப்பாணக் குடாநாட்டிலும் மன்னார்ப் பக்கத்திலும் வன்னியின் வடமேற்கு ஓரத்திலும் கிணறு வெட்டினால் சுண்ணாம்புக்கல் வரும். அதற்குள் சிப்பியும் பவளமும் இருக்கும். ஆனால் அது மயோசீன் காலத்துக் கல். மயோசீன் தொடங்கியதே 2 கோடியே 30 இலட்சம் ஆண்டுகளுக்கு முன்புதான். அதற்குள் டைனோசர்களின் கதை முடிந்து 4 கோடி ஆண்டு ஓடிவிட்டது. அந்தக் கடலின் அடியில் படிந்த சுண்ணாம்பில் மீன் பல் கிடைக்கலாம், டைனோசர் கிடைக்காது.

வன்னியின் தரை இப்படித்தான் இருக்கிறது. ஒரு பக்கம் டைனோசருக்கு மிக முந்திய கல், மறுபக்கம் மிகப் பிந்திய கல். புத்தகத்தின் நடுவில் சில அத்தியாயங்களை யாரோ கிழித்துக்கொண்டு போனமாதிரி, இடையில் ஒன்றுமில்லை. இலங்கைத் தரையில் அந்த நடு அத்தியாயத்தின் துண்டுகள் கிடைப்பது புத்தளம் பக்கத்துத் தப்போவ, ஆண்டிகம போன்ற சில சின்ன இடங்களில்தான். அங்கே ஜுராசிக் காலத்துச் செடிகளின் அச்சுகள் கல்லில் பதிந்திருக்கின்றன. இன்னொரு பெரிய துண்டு கடலுக்குள் கிடக்கிறது. மன்னார்க் கடலின் அடியில் டைனோசர் காலத்துப் படிவுகள் தடிப்பாகப் படிந்திருக்கின்றன. 2011 இல் எரிவாயு கண்டுபிடித்ததாகச் செய்தி வந்ததே, அந்தக் கிணறுகளைத் துளைத்தது இந்தப் படுகையில்தான்.

கல்லில் இல்லை என்பதால் இங்கே டைனோசரே நடமாடவில்லை என்று சொல்லிவிட முடியாது. அந்தக் காலத்தில் இலங்கை தனித்தீவாக இருக்கவில்லை. டைனோசர் காலத்தின் முற்பகுதியில் இந்தியா, மடகாஸ்கர், ஆபிரிக்கா, அந்தாட்டிக்கா எல்லாம் ஒட்டிக் கிடந்த கொண்டுவானா நிலத்தின் ஒரு மூலை இது. பக்கத்து நிலமான இந்தியாவில் டைனோசர் எலும்புக்குக் குறைவில்லை. ஜபல்பூரில் 1828 இலேயே எலும்பு எடுத்திருக்கிறார்கள், 'டைனோசர்' என்ற சொல்லை ரிச்சர்ட் ஓவன் உருவாக்குவதற்கு 14 ஆண்டு முன்னதாக. குஜராத்தில் முட்டைக் குவியல்களே இருக்கின்றன. 2003 இல் பெயர் பெற்ற 'ராஜசோரஸ்' என்ற ஊனுண்ணியும் நர்மதைப் பக்கத்துத்தான். தமிழ்நாட்டில் அரியலூர் மாவட்டத்துக் கல்லமேட்டில் கிடைத்த மிகப் பெரிய எலும்புகளுக்கு 1987 இல் 'புருகத்காயோசோரஸ்' என்று பெயர் வைத்தார்கள். பாவம், அந்த எலும்புகள் பிறகு சிதைந்து போய்விட்டன. கொண்டுவானா உடைந்த பிறகும் இலங்கை இந்தியாவை ஒட்டியே கிடந்தது. ஆகவே இந்த நிலத்திலும் அவை மேய்ந்திருக்கும் என்று நினைப்பதில் பிழையில்லை. அவற்றை மூடிக் காப்பாற்றப் படிவு படியவில்லை. படிந்ததையும் மழையும் ஆறும் கோடிக்கணக்கான ஆண்டுகளாக அரித்துக் கடலுக்குக் கொண்டுபோய்விட்டன.

இவ்வளவையும் கேட்டுவிட்டு மருமகன் அடுத்த கேள்வியைப் போட்டான். அப்போ மனிசர் அதுகளைக் கண்டிருப்பினமோ?

இல்லை. ஒரு மனிதரும் காணவில்லை. கிட்டத்தட்டக்கூட இல்லை. ஆனால் "6 கோடியே 60 இலட்சம் ஆண்டு இடைவெளி" என்று சொன்னால் பிள்ளைக்கு மட்டுமல்ல, எனக்கும் மண்டைக்குள் ஒன்றும் ஏறுவதில்லை. கோடி என்பது காசுக் கணக்கில்தான் நமக்குப் பழக்கம். அதனால் யாழ்ப்பாணத்தையும் கண்டியையும் இணைக்கும் ஏ-9 வீதியை எடுத்துக்கொண்டேன்.

கிளிநொச்சிக் கந்தசுவாமி கோவில் வாசலில் நிற்கிறோம் என்று வையுங்கள். அதுதான் இன்று. தெற்கே ஒவ்வொரு கிலோமீற்றரும் 10 இலட்சம் ஆண்டு பின்னோக்கி. அப்படியென்றால் ஒரு மீற்றருக்கு ஆயிரம் ஆண்டு. பண்டாரவன்னியன் முல்லைத்தீவுக் கோட்டையை வெள்ளைக்காரரிடமிருந்து பிடித்த 1803, வாசற்படியிலிருந்து ஒரு சாண் தூரம். மனிதர் எழுதப் பழகிய முழுக்காலமும் ஐந்தாறு மீற்றருக்குள் அடங்கிவிடும். இரணைமடுவின் பெயராலேயே தொல்லியலாளர் அழைக்கும் பழைய மணல், பரல் படிவுகள் இருக்கின்றன. அந்த வகைப் படிவுகளில் தென்கரையில் கிடைத்த கற்கருவிகளுக்குச் சுமார் 1,25,000 ஆண்டு வயது சொல்கிறார்கள். அது 125 மீற்றர். நம்மைப் போன்ற மனித இனத்தின் மிகப் பழைய எலும்புகள் மொரோக்கோவில் கிடைத்தவை, ஏறத்தாழ 3 இலட்சம் ஆண்டு. 300 மீற்றர். கோவிலை இன்னும் திரும்பிப் பார்க்கக்கூடிய தூரம்தான். மனிதரின் கிளையும் சிம்பன்சியின் கிளையும் பிரிந்த இடத்துக்குப் போக ஆறேழு கிலோமீற்றர் போதும், முறிகண்டிப் பிள்ளையார் வரைகூடப் போகவேண்டியதில்லை.

கடைசிப் பெரிய டைனோசர் எங்கே நிற்கிறது? 66 ஆம் கிலோமீற்றரில், ஓமந்தைப் பக்கம். டைரனோசோரஸ் ரெக்ஸ் அங்கேதான். அதிலிருந்து தெற்கே டைனோசர்களின் ஆட்சி முடியவே மாட்டேன் என்கிறது. முதுகில் தட்டுத்தட்டாக எலும்பு நிமிர்ந்து நிற்கும் ஸ்டெகோசோரஸ் 150 ஆம் கிலோமீற்றரில், தம்புள்ளைக்கு இந்தப் பக்கம். முதல் டைனோசர்கள் 230 ஐத் தாண்டி, கண்டிக்குக் கிட்ட. படங்களில் ரெக்ஸும் ஸ்டெகோசோரஸும் சண்டை பிடிப்பதைப் பார்த்திருப்பீர்கள். இந்த வீதிக் கணக்கில் ரெக்ஸ் நிற்கும் ஓமந்தையிலிருந்து நாம் 66 கிலோமீற்றர், ஸ்டெகோசோரஸ் 84 கிலோமீற்றர். நாம்தான் ரெக்ஸுக்குக் கிட்ட.

இந்த வயதுகளை எப்படிக் கண்டுபிடித்தார்கள் என்று யாராவது கேட்டால், "காபன் பரிசோதனை" என்ற பதில் சட்டென்று வரும். அது பிழை. காபன்-14 இன் அளவு 5,730 ஆண்டுகளுக்கு ஒருமுறை பாதியாகிவிடும். சுமார் 50,000 ஆண்டுக்கு மேல் போனால் அளக்க ஒன்றும் மிஞ்சாது. டைனோசருக்கு வேறு கடிகாரம் வேண்டும். எலும்பு கிடக்கும் படைக்கு மேலும் கீழும் எரிமலைச் சாம்பல் படை இருந்தால் அதிலுள்ள பொற்றாசியத்தையோ யுரேனியத்தையோ அளக்கிறார்கள். பொற்றாசியம்-40 பாதியாக 125 கோடி ஆண்டு பிடிக்கும். மெதுவாக ஓடும் கடிகாரம்தான் நீண்ட பயணத்துக்கு உதவும். வெவ்வேறு வேகத்தில் ஓடும் கடிகாரங்கள் ஒரே நேரத்தைக் காட்டும்போது அதை நம்பாமல் இருக்க எனக்குக் காரணம் தெரியவில்லை.

நம்பாதவர்களும் இருக்கிறார்கள்தான். அமெரிக்காவின் டெக்சாஸில் பலக்சி ஆற்றுப் படுகையில் டைனோசர் கால்தடங்களுக்குப் பக்கத்தில் மனிதக் கால்தடமும் இருக்கிறது என்று நெடுங்காலம் ஒரு பேச்சு ஓடியது. 1930களின் பஞ்சத்தில் ஊர்க்காரர் சிலர் கல்லில் கால்தடம் செதுக்கி விற்றும் இருக்கிறார்கள். வயிற்றுப்பாடு, குறை சொல்வதற்கில்லை. செதுக்காமல் கிடந்தவற்றை ஆராய்ந்தபோது அவையும் டைனோசர் தடம் என்றே தெரிந்தது. விரலில் மட்டும் நடக்கும் பிராணி சேற்றில் குதிப்பக்கத்தையும் ஊன்றி நடந்ததால் தடம் நீண்டிருக்கிறது. விரல் பதிந்த இடத்தில் சேறு நிரம்பியதால் மனிதப் பாதம் மாதிரித் தெரிந்திருக்கிறது.

மனிதர் இல்லை என்றதும் அந்த உலகத்தில் நம் சொந்தக்காரர் ஒருவருமே இல்லை என்று எண்ணிவிடக்கூடாது. பாலூட்டிகள் இருந்தன. டைனோசர்கள் தோன்றிக் கொஞ்சக் காலத்திலேயே அவையும் வந்துவிட்டன. பெரும்பாலானவை மூஞ்சூறு, எலி அளவு. நம் முன்னோரும் அந்தக் கூட்டத்துக்குள்தான் எங்கோ பதுங்கியிருந்தார்கள். எல்லாமே பயந்தாங்கொள்ளிகளும் அல்ல. சீனாவில் கிடைத்த ரெபெனோமாமஸ் என்ற சிறு நாய் அளவுப் பாலூட்டியின் வயிற்றுப் பகுதியில் ஒரு டைனோசர்க் குஞ்சின் எலும்புகள் இருந்ததாக 2005 இல் அறிவித்தார்கள். மருமகனுக்கு இந்த இடம்தான் ஆகப் பிடித்தது.

ஓமந்தையில் என்ன நடந்தது என்பது இப்போது பலருக்கும் தெரிந்த கதை, சுருக்கமாகப் போவோம். சுமார் 10 கிலோமீற்றர் அகலமான விண்கல் ஒன்று மெக்சிகோவின் யுகடான் கரையில் விழுந்தது. சிக்சுலுப் என்ற அந்தப் பள்ளம் ஏறத்தாழ 180 கிலோமீற்றர் அகலம். பூமியின் மேலோட்டில் அரிதான இரிடியம் என்ற உலோகம் அந்தக் காலத்துப் படையில் மட்டும் கூடியிருப்பதைக் கண்டு, விண்கல்தான் காரணம் என்று லூயிஸ் அல்வாரெஸும் மகன் வால்ட்டரும் மற்ற இரு ஆய்வாளரும் 1980 இல் எழுதினார்கள். அதே காலத்தில் இந்தியாவின் தக்காணத்தில் எரிமலைக் குழம்பு பெரும் பரப்பில் வழிந்துகொண்டிருந்தது. அதற்கு எவ்வளவு பங்கு என்று இன்னும் வாதாடுகிறார்கள். தூசி வெயிலை மறைத்தது, செடி செத்தது, செடி தின்றது செத்தது, அதைத் தின்றதும் செத்தது.

அப்புறம் மிஞ்சியது யார்?

இந்தக் கேள்விக்கு வன்னியில் யாரிடம் கேட்டாலும் குளத்து முதலையைத்தான் காட்டுவார்கள். குளத்தங்கரையில் வாயைப் பிளந்துகொண்டு வெயில் காயும் முதலையைப் பார்த்தால் யாருக்கும் அப்படித்தான் தோன்றும். செதில், பல், வால், எல்லாம் இருக்கிறதே. அடுத்த வேட்பாளர் உடும்பு, அதற்கடுத்து ஆமை. எங்கள் பக்கத்து வீட்டு ஐயா அழுங்கையும் சேர்த்துக்கொண்டார். அழுங்கு குட்டிக்குப் பால் கொடுக்கும் பிராணி. டைனோசரைவிட நமக்குத்தான் அது சொந்தம்.

முதலை டைனோசரின் பிள்ளை அல்ல, பெரியப்பா வழி. இரண்டுக்கும் பொது முன்னோர் ஏறத்தாழ 25 கோடி ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்தன. அங்கிருந்து ஒரு கிளை முதலைப் பக்கம் போனது, மறு கிளை டைனோசர்ப் பக்கம். உடும்பும் ஓணானும் அதற்கு முன்பே பிரிந்துவிட்ட வேறு குடும்பம். கடலில் வாழ்ந்த நீள்கழுத்துப் பிராணிகளும், தோல் சிறகு விரித்துப் பறந்த டெரோசோர்களும்கூட டைனோசர் அல்ல, படத்தில் ஒன்றாக வருகின்றன, அவ்வளவுதான். செதிலையும் உருவத்தையும் பார்த்துச் சொந்தம் சொல்ல முடியாது, எலும்பைப் பார்க்கவேண்டும். எலும்பு காட்டும் ஒரே வாரிசு பறவை. மயில், கொக்கு, ஆட்காட்டி, செண்பகம், வங்காலைப் பக்கம் வந்திறங்கும் பூநாரை, எல்லாம் அந்த வழிதான். வேறு ஒரு விலங்கும் இல்லை.

இதை முதலில் சந்தேகித்தவர்கள் நம் காலத்தவர் அல்ல. 1861 இல் ஜெர்மனியின் பவேரியாச் சுண்ணாம்புக்கல்லில் ஆர்க்கியொப்டெரிக்ஸ் கிடைத்தது. 15 கோடி ஆண்டுப் பழையது. இறகு பறவைக்கு, பல்லும் எலும்பு வாலும் ஊர்வனவுக்கு. சில ஆண்டுகளிலேயே தோமஸ் ஹக்ஸ்லி பறவைக்கும் டைனோசருக்கும் உறவு இருக்கிறது என்று வாதாடினார். பிறகு அந்த எண்ணம் நெடுங்காலம் மூலையில் கிடந்தது. 1969 இல் ஜோன் ஒஸ்ட்ரொம் டெய்னோனிக்கஸ் என்ற வேகமான சிறு ஊனுண்ணியை விவரித்தபோது அது மறுபடி எழுந்தது. 1996 இல் சீனாவின் லியாவோனிங்கில் உடம்பெல்லாம் பஞ்சு மாதிரி இறகோடு சைனோசோரொப்டெரிக்ஸ் வெளியே வந்ததும் வாதம் பெரும்பாலும் முடிந்துவிட்டது.

ஆனால் சீனாவுக்குப் போகத் தேவையில்லை. அன்று மத்தியானம் கோழிக் கறி. அடித்த கோழியை வெட்டும்போது மருமகனைப் பக்கத்தில் இருத்திக்கொண்டேன்.

முதலில் கால். கணுக்காலுக்குக் கீழே செதில், மூன்று விரல் முன்னே, நகம். அறுத்த காலின் நரம்பைப் பிடித்து இழுத்தால் விரல்கள் மூடும், விட்டால் விரியும். நாங்கள் சின்ன வயதில் இதை வைத்து விளையாடாத நாள் இல்லை. அடுத்தது இடுப்பெலும்பு. தொடையெலும்பு மாட்டும் இடத்தில் ஒரு ஓட்டை இருக்கிறது, விரலை வைத்தால் மறுபக்கம் தெரியும். டைனோசரா இல்லையா என்று தீர்மானிக்க ஆய்வாளர் பார்க்கும் முக்கியமான இடங்களில் இதுவும் ஒன்று. அதனால்தான் அவற்றின் கால் உடம்புக்கு நேர் கீழே நின்றது, உடும்பின் கால் மாதிரிப் பக்கவாட்டில் பரவவில்லை. நெஞ்சின் மேலே கவட்டை மாதிரி ஒரு எலும்பு. ரெக்ஸுக்கும் அது இருந்தது. இறக்கையை மடிக்கும் மணிக்கட்டில் அரைவட்டமாக ஒரு சிறு எலும்பு. டெய்னோனிக்கஸின் கையும் இதை வைத்துத்தான் மடங்கியது. செட்டையின் மேலெலும்பை முறித்தால் உள்ளே வெறுமை, காற்று போகும் இடம். கடைசியில் தடித்த வயிற்றுப்பையை வெட்டிக் கவிழ்த்தால் கல்லும் மணலும். பல் இல்லாத குறைக்குக் கோழி கல்லை விழுங்கி இரையை அரைக்கிறது. சில டைனோசர்களின் விலாவுக்குள்ளும் இதே மாதிரிக் கற்குவியல் கிடைத்திருக்கிறது.

விசித்திரம் ஒன்று சொல்லவேண்டும். டைனோசர்களை இடுப்பு வடிவத்தை வைத்துப் 'பறவை இடுப்பு', 'பல்லி இடுப்பு' என்று இரண்டாகப் பிரித்தார்கள். பறவைகள் வந்தது பல்லி இடுப்புக் கூட்டத்திலிருந்து. பெயர் வைத்தவர்களுக்கு அப்போது தெரியாது.

அந்தப் பேரழிவில் பறவைகளும் ஏராளமாகச் செத்தன. தப்பியவை சில கிளைகள்தான். பெல்ஜியத்தில் கிடைத்து 2020 இல் விவரித்த ஆஸ்டெரியோர்னிஸ் என்ற சிறு பறவையின் மண்டையோடு ஏறத்தாழ 6 கோடியே 67 இலட்சம் ஆண்டுப் பழையது. அதில் கோழியின் அடையாளமும் தாராவின் அடையாளமும் கலந்திருக்கின்றன. விண்கல் விழுவதற்குச் சற்று முன்பே கோழி, தாரா பரம்பரை உலகத்தில் இருந்திருக்கிறது. ரெக்ஸ் உலாவிய காலத்தில் வேறொரு கரையில் இவை இரை பொறுக்கிக்கொண்டிருந்தன. காடு அழிந்தபோது மரத்தை நம்பி வாழ்ந்தவை போய், தரையில் கிளறி விதை தின்னத் தெரிந்த சின்னப் பிராணிகள் தாக்குப்பிடித்தன என்பது பல ஆய்வாளரின் கருத்து. எங்கள் வேலிக்கரையில் காலையிலிருந்து குப்பை கிளறும் கோழியைப் பார்த்தால் எனக்கு அந்தக் கருத்தில் சந்தேகம் வருவதில்லை. இன்று பறவை இனங்கள் 10,000 க்கு மேல். பாலூட்டி இனங்களைவிட அதிகம்.

இன்னுமொன்று. 1923 இல் மொங்கோலியாவில் ஒரு முட்டைக் கூட்டின் மேல் கிடந்த டைனோசர் ஒன்றைக் கண்டெடுத்தார்கள். அடுத்தவன் முட்டையைத் திருட வந்து செத்திருக்கிறது என்று நினைத்து, அடுத்த வருடம் ஒவிராப்டர், அதாவது 'முட்டைத் திருடன்', என்று பெயரும் வைத்துவிட்டார்கள். 1990களில் அதே வகை முட்டைக்குள் கருவின் எலும்பு கிடைத்தபோதுதான் அது அந்தக் குடும்பத்தின் சொந்த முட்டை என்று தெரிந்தது. அதன் உறவுக்கார டைனோசர் ஒன்று கைகளை இரு பக்கமும் விரித்து, முட்டைகளை மூடி, அடைகிடந்த நிலையிலேயே கல்லாகிக் கிடைத்தது. ஆனால் ஒருமுறை வைத்த அறிவியற் பெயரை மாற்ற விதி விடாது. இன்றைக்கும் அது திருடன்தான்.

எங்கள் குசினித் தாவாரத்தில் பழைய பனையோலைக் கடகம் ஒன்றுக்குள் சிவப்புப் பேடு ஒன்று அடைகிடந்தது, பத்தாவது நாளோ பதினோராவது நாளோ. செட்டையை இரு பக்கமும் விரித்து, முட்டையை மூடி, கண்ணை அரைவாசி மூடி. மருமகன் குந்தியிருந்து கனநேரம் பார்த்தான். பிறகு எத்தனை முட்டை என்று பார்க்க மெல்லக் கையை உள்ளே விட்டான். பேடு விட்டது ஒரு கொத்து.

"திருடன்" என்றார் கிணற்றடியில் தேத்தண்ணி குடித்துக்கொண்டிருந்த அண்ணை.